மண்டபம் கேம்ப்பும் மெக்சிகோ வேலியும்: எல்லைக் காவல் யாருக்காக?

கோத்தகிரி_செல்வி
9 பிப்ரவரி 2025, காலை 7.40

போன புதன்கிழமை அமிர்தசரஸில் இறங்கிய அமெரிக்க ராணுவ விமானத்தைப் பற்றி வேறொரு இழையில் பேச்சு ஓடிக்கொண்டிருக்கிறது. 104 பேர், அதிகம் ஹரியானா, குஜராத், பஞ்சாப்காரர்கள். கையில் விலங்கு, காலில் சங்கிலி. அதை அமெரிக்க எல்லைக் காவல் படையே படம் பிடித்து வெளியிட்டது. அந்த இழையில் ஒருவர், "நம்ம ஊர் ஆள் யாரும் இல்லையே, நமக்கு எதுக்கு இந்தப் பேச்சு" என்று கேட்டிருந்தார். அவருக்குப் பதில் எழுத ஆரம்பித்து நீண்டுவிட்டது. அதனால் தனி இழையாகப் போடுகிறேன்.

எங்களுடையது சிலோன் குடும்பம். அப்பா கண்டிப் பக்கத்துத் தோட்டத்தில் பிறந்தவர். கப்பலில் வந்து, மண்டபம் கேம்ப்பில் கிடந்து, அரசுத் தேயிலைத் தோட்டமான டேன்டீயில் வேலை கிடைத்து மலையேறியவர்கள் நாங்கள். கோத்தகிரி, குன்னூர், கூடலூர், பந்தலூர் என்று எங்கே போனாலும் இப்படிப்பட்ட குடும்பங்கள் உண்டு. கொடைக்கானல் பக்கமும் இருக்கிறார்கள்.

மண்டபம் கேம்ப் என்றால் இன்றைக்கு அகதி முகாம்தான் ஞாபகத்துக்கு வரும். அது முதலில் வந்தது வேறு காரியத்துக்கு. வெள்ளைக்காரன் காலத்தில் இலங்கைத் தோட்டங்களுக்கு ஆள் அனுப்பிய வாசல் அது. இருந்தது ராமநாதபுரம் கடற்கரையில், நடத்தியது இலங்கை அரசாங்கம். காலரா, பிளேக் இருக்கிறதா என்று பார்க்க ஆட்களைச் சில நாள் உள்ளே வைத்து, தேறியவர்களை மட்டும் கப்பலேற்றினார்கள். அதாவது, பணம் புழங்குகிற நாடு தன் வாசலைக் கொண்டுவந்து ஏழை நாட்டின் மண்ணில் வைத்துக்கொள்வது நூறு வருஷத்துக்கு முன்பே நம் கடற்கரையில் நடந்திருக்கிறது.

அப்புறம் 1948. இலங்கையின் 18-ஆம் எண் குடியுரிமைச் சட்டம். தலைமுறை தலைமுறையாகக் கொழுந்து பறித்தவர்கள் அந்த ஒரு சட்டத்தில் நாடற்றவர்களாகிவிட்டார்கள். 1964 அக்டோபரில் சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம்: 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மிச்சம் 1,50,000 பேரை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம். 1974-ல் அந்த மிச்சத்தையும் ஆளுக்குப் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். கணக்குப் போட்ட மேசையில் தோட்டத் தொழிலாளி ஒருவர்கூட இல்லை.

இன்று நடப்பதும் இதே மாதிரிதான் எனக்குத் தெரிகிறது. 2014 முதல் மெக்சிகோ தன் தெற்கு எல்லையில் மத்திய அமெரிக்க மக்களை மறித்துத் திருப்பி அனுப்புகிறது. பின்னால் இருந்து தூண்டுவது அமெரிக்கா. 2016 மார்ச்சில் ஐரோப்பிய ஒன்றியம், வருகிறவர்களை அங்கேயே நிறுத்திக்கொள்ளச் சொல்லித் துருக்கியோடு ஒப்பந்தம் போட்டது, தொகை 600 கோடி யூரோ. 2017-ல் இத்தாலி லிபியாவோடு. ஆஸ்திரேலியா படகில் வந்தவர்களை நவ்ருவிலும் மானுஸ் தீவிலும் கொண்டுபோய் வைத்தது; அதில் ஈழத்தமிழர்களும் இருந்தார்கள். எல்லாம் மண்டபம் கேம்ப்தான்.

இந்தக் காவல் உண்மையில் யாரைத் தடுக்கிறது, யாருக்கு உதவுகிறது? விவரம் தெரிந்தவர்கள் எழுதுங்கள்.


குன்னூர்_மணி
9 பிப்ரவரி, காலை 9.15

அக்கா, உங்கள் குடும்பத்துக்கு நடந்தது அநியாயம். அதில் மாற்றுக் கருத்தே இல்லை. ஆனால் சட்டப்படி அங்கேயே பிறந்து வளர்ந்தவர்களை விரட்டியதையும், ஏஜென்ட்டுக்கு லட்சக்கணக்கில் கொடுத்துப் பனாமா காட்டு வழியாக நுழைந்தவர்களைத் திருப்பி அனுப்பியதையும் ஒன்றாக வைக்க முடியாது.

என் அக்கா மகன் அங்கே கம்ப்யூட்டர் வேலையில் இருக்கிறான். ஒழுங்காகப் படித்து, ஒழுங்காக விசா வாங்கிப் போனவன். எந்த நாட்டுக்கும் ஆண்டுக்கு 7 சதவீதத்துக்கு மேல் கிடையாது என்ற விதியால் கிரீன் கார்டுக்கு வருஷக்கணக்கில் காத்துக்கிடக்கிறான். அம்மா இறந்தபோதுகூட விசா சிக்கலில் வர முடியவில்லை. வரிசையில் நிற்கிற அவனுக்கு என்ன நியாயம்? சுவர் ஏறிக் குதித்தவனுக்கு இரக்கம், வரிசையில் நிற்பவனுக்கு வெறும் காத்திருப்பா?

வீடு என்றால் கதவு இருக்கத்தான் செய்யும். யாரை உள்ளே விடுவது என்று வீட்டுக்காரன்தான் தீர்மானிப்பான். விலங்கு மாட்டியது தப்பு, அதைக் கண்டிக்கிறேன். திருப்பி அனுப்பியது தப்பில்லை.


பந்தலூர்_அருள்
9 பிப்ரவரி, காலை 11.02

மணி அண்ணா, வரிசை என்கிறீர்களே, அதில் ஒரு விஷயம் பார்க்க வேண்டும். உங்கள் அக்கா மகனுக்கு வரிசை நீளம், ஆனால் வரிசை இருக்கிறது. தக்காளி பறிக்கிறவனுக்கும் கோழிக்கறி வெட்டுகிறவனுக்கும் கிட்டத்தட்ட வரிசையே கிடையாது. பெரிய படிப்போ பயிற்சியோ கேட்காத வேலைகளுக்கு அமெரிக்கா தருகிற நிரந்தர விசா, உலகம் முழுவதுக்கும் சேர்த்து ஆண்டுக்கு 10,000-க்கு மேல் போகக் கூடாது என்பது சட்டம். அந்த நாட்டின் வயல்கள், கறி ஆலைகள், கட்டட வேலைகள் எவ்வளவு பெரியவை என்று யோசித்துப் பாருங்கள். அந்த வேலைகளுக்கு ஆள் வேண்டும், ஆனால் வாசல் கிடையாது.

வேலி என்ன செய்தது என்பதையும் சொல்கிறேன். இதைப் பற்றி நிறைய ஆராய்ச்சி நடந்திருக்கிறது. டக்ளஸ் மாஸி என்ற சமூகவியல் பேராசிரியர் பல ஆண்டுகளாக மெக்சிகோ கிராமங்களில் குடும்பம் குடும்பமாகக் கேட்டுக் கணக்கெடுத்தவர். 1980கள் வரை பெரும்பாலான மெக்சிகோ ஆட்கள் அறுவடைக் காலத்தில் போவார்கள், கையில் காசு சேர்ந்ததும் ஊர் திரும்புவார்கள், மறுவருஷம் மறுபடி போவார்கள். குடும்பம் ஊரிலேயே இருக்கும்.

1993-ல் எல் பாசோவிலும் 1994 அக்டோபரில் சான் டியேகோவிலும் நகர ஓரங்களை அடைத்தார்கள். நகரத்தை அடைத்தால் பாலைவனம்தான் மிச்சம், அந்த வெயிலுக்குப் பயந்து யாரும் வரமாட்டார்கள் என்பது அதிகாரிகள் போட்ட திட்டம். ஆட்கள் வந்தார்கள். அரிசோனா பாலைவனத்தில் நடந்து செத்தார்கள். 1998 முதல் எல்லைக் காவல் படையின் சொந்தக் கணக்கிலேயே 8,000-க்கும் மேற்பட்ட சாவுகள். எலும்பு கிடைக்காதவர்கள் அந்தக் கணக்கில் வரமாட்டார்கள்.

உயிரோடு போய்ச் சேர்ந்தவர்கள் திரும்பவில்லை. ஒருமுறை ஊருக்கு வந்தால் மறுபடி அந்தப் பாலைவனத்தைக் கடக்க வேண்டும், ஏஜென்ட்டுக்கு மறுபடி அழ வேண்டும். அதனால் அங்கேயே தங்கினார்கள். மனைவியையும் பிள்ளைகளையும் அழைத்துக்கொண்டார்கள். 1990களின் தொடக்கத்தில் சுமார் 4,000 காவலர் இருந்த படை 2011-ல் 21,000-ஐத் தாண்டியது. முறையான காகிதம் இல்லாமல் அங்கே வாழ்கிறவர்கள் 1990-ல் ஏறக்குறைய 35 லட்சம், 2007-ல் 1 கோடியே 22 லட்சம். காவல் ஐந்து மடங்கு ஆனது, ஆட்கள் மூன்று மடங்குக்கு மேல் ஆனார்கள். வெளியே நிறுத்தத்தான் வேலி போட்டார்கள். அது ஆட்களை உள்ளே பூட்டிவிட்டது.


பூம்பாறை_விவசாயி
9 பிப்ரவரி, மதியம் 1.30

கொடைக்கானல் மேல்மலையில் இருந்து எழுதுகிறேன். 1994 என்று அருள் எழுதியதும் ஒன்று சொல்லத் தோன்றியது. அதே வருஷம் ஜனவரி 1-ஆம் தேதிதான் அமெரிக்கா, கனடா, மெக்சிகோ மூன்றும் சேர்ந்து போட்ட நாஃப்டா வர்த்தக ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்தது. அமெரிக்க மக்காச்சோளம் மெக்சிகோவுக்குள் தாராளமாக நுழைந்தது. அமெரிக்க விவசாயிக்கு அவன் அரசாங்கம் மானியம் கொடுக்கிறது. சோளம் பிறந்த மண் மெக்சிகோ; அங்கே இரண்டு ஏக்கர் மூன்று ஏக்கர் வைத்திருந்தவன் அந்த விலைக்கு எப்படி ஈடு கொடுப்பான்? நிலத்தை விட்டுவிட்டு வடக்கே நடந்தான். ஜனவரியில் சோளத்துக்கு வழி திறந்தார்கள், அக்டோபரில் அந்தச் சோளத்தால் பிழைப்பு போனவனுக்கு வழி அடைத்தார்கள்.

இது எங்களுக்குப் புரியும். பூம்பாறைப் பூண்டுக்குப் புவிசார் குறியீடு இருக்கிறது, பேர் இருக்கிறது. சீனப் பூண்டுக்கு 2014 முதல் இந்தியாவில் தடை, ஆனாலும் கள்ளத்தனமாக வந்துகொண்டேதான் இருக்கிறது. அது மண்டிக்கு வந்தாலே எங்கள் மூட்டையைத் திருப்பிப் பார்க்க ஆள் இருக்காது. வடுகபட்டிச் சந்தைக்கு ஏற்றிப்போன மூட்டையை விற்காமல் திரும்பிக் கொண்டுவந்தவர்களைக் கேட்டுப் பாருங்கள். சரக்கு எந்த எல்லையையும் தாண்டும், சரக்கால் கெட்டவன் மட்டும் தாண்டக் கூடாது.


வெலிங்டன்_படைவீரன்
9 பிப்ரவரி, மாலை 4.48

நான் எல்லைப் பாதுகாப்புப் படையில் இருந்து ஓய்வு பெற்றவன். வங்காளதேச எல்லையில், நதியா மாவட்டத்தில் பணி செய்திருக்கிறேன். காவல் நிற்பவன் பக்கத்தையும் ஒருவர் சொல்ல வேண்டும்.

அந்த எல்லை 4,096 கிலோமீட்டர். வேலி எல்லைக் கோட்டிலேயே நிற்காது. இரண்டு நாடுகளின் ஒப்பந்தப்படி கோட்டில் இருந்து 150 கெஜம் உள்ளே தள்ளித்தான் போட முடியும். அதனால் வேலிக்கு அந்தப் பக்கமும் நம் நாட்டு நிலம், நம் நாட்டு விவசாயி. காலையில் கேட் திறக்கும். வரிசையில் நிற்பார்கள். அடையாள அட்டையை எங்களிடம் கொடுக்க வேண்டும், பேரைப் பதிவேட்டில் எழுதுவோம். எத்தனை மாடு, மண்வெட்டி எத்தனை, உர மூட்டை எத்தனை, எல்லாம் எழுத வேண்டும். மாலையில் குறிப்பிட்ட நேரத்துக்குள் திரும்பி அட்டையை வாங்கிக்கொள்ள வேண்டும். மழை வந்தாலும் நாற்று மிச்சம் இருந்தாலும் கேட் நேரம் கேட் நேரம்தான். தன் சொந்த வயலுக்குப் போகிற எழுபது வயதுப் பெரியவர் என்னிடம் கைகட்டி நிற்பார். எனக்குக் கூச்சமாக இருக்கும். ஆனால் அந்தப் பதிவேடு தப்பினால் என் வேலை போகும்.

இரவில் வேறு உலகம். மாடு போகும், இருமல் மருந்துப் பாட்டில் பெட்டி பெட்டியாகப் போகும், ஆட்கள் வருவார்கள். அத்தனைக்கும் நடுவில் தலால், அதாவது தரகன், என்று ஒருத்தன் இருப்பான். அவனைப் பிடித்ததாக எனக்கு நினைவில்லை. பிடிபடுவது தலையில் மூட்டை சுமப்பவனும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வருகிற பெண்ணும்தான்.

2011 ஜனவரி 7-ஆம் தேதி ஃபெலானி காத்தூன் என்ற 15 வயதுப் பெண் வேலி ஏறும்போது எங்கள் படை வீரர் ஒருவரின் குண்டில் இறந்தாள். உடல் மணிக்கணக்கில் கம்பியில் தொங்கியது. அந்தப் படம் உலகம் முழுக்கப் போனது. இந்தியாவில் வேலை பார்த்த குடும்பம்; கல்யாணத்துக்காக அப்பாவோடு ஊர் திரும்பிக்கொண்டிருந்தாள். திரும்பிப் போகிறவள். படையின் நீதிமன்றம் அந்த வீரரைக் குற்றமற்றவர் என்று இரண்டு முறை விடுவித்தது. நான் அந்தப் படையில் பெருமையோடு இருந்தவன். இருந்தாலும் சொல்கிறேன், அந்தப் பெண்ணுக்கு நியாயம் கிடைக்கவில்லை.

மணி சொல்வது போல நாட்டுக்கு எல்லை வேண்டும். காவலும் வேண்டும். ஆனால் வேலை கொடுக்கிறவன், ஆள் கடத்துகிறவன், ஓட்டுக் கேட்கிறவன் இவர்கள் யாரும் வேலியருகில் வருவதில்லை. இருட்டில் எதிரெதிரே நிற்பது சம்பளத்துக்கு நிற்கிற ஒரு ஏழை வீட்டுப் பிள்ளையும் கூலிக்குத் தாண்டுகிற இன்னொரு ஏழை வீட்டுப் பிள்ளையும்.


தூனேரி_குமார்
9 பிப்ரவரி, மாலை 6.20

ஐயா வணக்கம். இங்கே கேட்கலாமா தெரியவில்லை. என் நண்பனிடம் கோவையில் ஒரு ஏஜென்ட், "செர்பியாவுக்கு டூரிஸ்டாகப் போய்விடு, அங்கிருந்து ஆஸ்திரியா, இத்தாலி எல்லாம் நாங்க பார்த்துக்குறோம்" என்கிறாராம். ஆறு லட்சம் கேட்கிறார். வீட்டுப் பத்திரத்தை வைக்கப் போகிறான். போகலாமா?


நாசர்_கூடலூர்
9 பிப்ரவரி, மாலை 6.55

தம்பி, பத்திரத்தை வைக்க வேண்டாம் என்று இன்றைக்கே சொல்லிவிடுங்கள். செர்பியாவுக்கு இந்தியர்கள் விசா இல்லாமல் போக முடிந்தது 2022-ஓடு முடிந்தது. 2023 ஜனவரி 1 முதல் விசா கட்டாயம். அந்தப் பழைய கதையை வைத்து இன்னும் வசூல் பண்ணுகிறார்கள். விசா கிடைத்தே போனாலும் அங்கிருந்து காட்டு வழியாக நடக்க வைப்பார்கள். எந்த நாட்டு வேலையாக இருந்தாலும் ஏஜென்ட் மத்திய அரசில் பதிவு செய்தவரா என்று இ-மைகிரேட் தளத்தில் பேரைப் போட்டுப் பாருங்கள். பதிவு பெற்ற ஏஜென்ட் 30,000 ரூபாய்க்கும் அதற்குரிய வரிக்கும் மேல் வாங்கக் கூடாது என்பது விதி. ஆறு லட்சம் என்கிறபோதே விஷயம் தெரிந்துவிட்டது.

இழைக்கு வருகிறேன். வேலியே இல்லாத எல்லை ஒன்று உண்டு, அதைப் பற்றி யாரும் எழுதவில்லை. வளைகுடா. நம் கூடலூர், பந்தலூர் பக்கம் வீட்டுக்கு வீடு ஒருத்தர் போயிருப்போம். விமானத்தில் மரியாதையாகக் கூப்பிட்டுப் போவார்கள். இறங்கியதும் பாஸ்போர்ட்டை கஃபீல், அதாவது விசா கொடுத்த முதலாளி, வாங்கி அலமாரியில் வைத்துக்கொள்வார். அன்றிலிருந்து எல்லை என்பது அந்த அலமாரிதான்.

நான் சவூதியில் வீட்டு டிரைவராக இருந்தவன். வீட்டம்மாவைக் கடைக்குக் கூட்டிப் போவது, பிள்ளைகளைப் பள்ளியில் விடுவது, ராத்திரி ஒரு மணிக்கு முதலாளியின் தம்பியை விமான நிலையத்தில் இருந்து அழைத்து வருவது. தூக்கத்துக்கு நேரம் கிடையாது. சம்பளம் மூன்று மாசத்துக்கு ஒருமுறை, அதுவும் கெஞ்சினால். வேறு வேலை கிடைத்தது, போக முடியவில்லை. போனால் ஹுரூப் போட்டுவிடுவார், அதாவது ஓடிப்போய்விட்டான் என்று புகார். அவ்வளவுதான், இக்காமா என்கிற தங்கும் அனுமதி செல்லாது. நேற்று வரை சட்டப்படி இருந்த நான் ஒரு புகாரில் சட்டவிரோதம். நான் எந்த எல்லையையும் தாண்டவில்லை, அதே ரூமில் அதே கட்டிலில்தான் படுத்திருப்பேன்.

மணி பாய், முறையாகப் போனவன், முறையில்லாமல் போனவன் என்று பிரிக்கிறீர்கள். அந்தக் கோட்டை இடம் மாற்றுகிற அதிகாரம் முதலாளி கையில் இருந்தால் முறை என்ன முறை?


எடப்பள்ளி_லதா
9 பிப்ரவரி, இரவு 8.10

அவ்வளவு தூரம் போக வேண்டாம். நான் ஒரு தோட்டத்து அலுவலகத்தில் கணக்கு எழுதுகிறேன். எங்கே என்று சொல்ல முடியாது.

நம் பிள்ளைகள் திருப்பூர், கோயம்புத்தூர் என்று இறங்கிப் போனதும் லைன் வீடுகளில் இப்போது ஜார்க்கண்ட், அசாம் குடும்பங்கள். இந்தியக் குடிமக்கள், எந்த எல்லையையும் தாண்டி வரவில்லை. ஆனால் அழைத்து வந்த மேஸ்திரி அவர்களுடைய ஆதார் அட்டைகளை ஒரு பிளாஸ்டிக் கவரில் போட்டுத் தன்னிடமே வைத்திருக்கிறார். கேட்டால் "தொலைச்சிடுவாங்க மேடம், பாதுகாப்புக்குத்தான்" என்கிறார். ரயில் டிக்கெட்டுக்குக் கொடுத்த முன்பணம், அரிசி வாங்கிக் கொடுத்தது என்று ஒரு நோட்டில் ஏறிக்கொண்டே போகும். சாயந்திரம் கொழுந்து நிறுக்கும்போது ஈரம், முற்றல் என்று சாக்குக்கு இவ்வளவு கிலோ கழிப்பார்கள். நம் ஊர்ப் பெண்கள் "அதெப்படி நாலு கிலோ போகும்" என்று தராசுக்கிட்டேயே சண்டைக்கு நிற்பார்கள். இவர்கள் தராசைப் பார்ப்பார்கள், மேஸ்திரி முகத்தைப் பார்ப்பார்கள், சாக்கை எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள்.

அதிலும் வங்காளம் பேசுகிற குடும்பம் என்றால் இன்னும் பயம். "பங்களாதேஷா?" என்று யாராவது கேட்டுவிட்டால் முடிந்தது. மேற்கு வங்கத்து மால்டாக்காரர்களாகத்தான் இருப்பார்கள். ஸ்டேஷனுக்கு ஜெராக்ஸ் கொடுக்க வேண்டும் என்று கூப்பிட்டாலே அந்தப் பெண் குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு நடுங்குகிறாள். இரண்டாயிரம் கிலோமீட்டருக்கு அந்தப் பக்கம் இருக்கிற வேலி, இங்கே தராசு முன்னால் அவள் வாயை அடைக்கிறது. அதில் லாபம் யாருக்கு என்று நான் கணக்குப் புத்தகத்தில் தினமும் பார்க்கிறேன்.


குன்னூர்_மணி
9 பிப்ரவரி, இரவு 9.25

லதா எழுதியது உண்மை, நானும் பார்த்திருக்கிறேன். அதற்குத் தொழிலாளர் துறை இருக்கிறது, அங்கே புகார் போக வேண்டும்.

ஆனால் அமெரிக்கா விஷயத்தில் ஒரு கேள்வி. முதலாளிகளை விட்டுவிட்டுத் தொழிலாளியைப் பிடிக்கிறார்கள் என்கிறீர்கள். காகிதம் இல்லாதவனை வேலைக்கு வைத்தால் தண்டனை என்று அங்கே சட்டமே இருக்கிறதே?


பந்தலூர்_அருள்
9 பிப்ரவரி, இரவு 10.05

//காகிதம் இல்லாதவனை வேலைக்கு வைத்தால் தண்டனை என்று அங்கே சட்டமே இருக்கிறதே?//

இருக்கிறது. 1986-ல் ரீகன் காலத்தில் வந்தது. அதே சட்டம் சுமார் 27 லட்சம் பேருக்குக் குடியிருப்பு உரிமையும் கொடுத்தது. முதலாளி பகுதியைப் பாருங்கள்: தெரிந்தே வேலைக்கு வைத்தால்தான் குற்றம். தொழிலாளி காட்டுகிற அட்டை பார்வைக்கு அசல் மாதிரி இருந்தால் போதும், அதற்கு மேல் முதலாளி துருவ வேண்டியதில்லை. சட்டம் வந்த கையோடு போலி அட்டைச் சந்தை பெருகியது. எல்லாருக்கும் தெரியும், ஆனால் யாருக்கும் தெரியாது என்கிற நிலை. கூட்டம் சேர்த்து யூனியன் பேச்சு எடுத்தால், "உன் அட்டையை ஒருமுறை சரிபார்க்கலாமா" என்று முதலாளி கேட்டாலே போதும், பேச்சு நின்றுவிடும்.

இதைச் சதி என்று நான் சொல்ல மாட்டேன். யாரோ உட்கார்ந்து திட்டம் போட்டதாகத் தெரியவில்லை. அரசியல்வாதிக்கு வேலி படம் காட்ட வசதி. முள்கம்பி, சிப்பாய், ஹெலிகாப்டர் எல்லாம் தொலைக்காட்சிக்கு நன்றாக இருக்கும். கறி ஆலைக்குள் புகுந்து சோதனை போட்டால் அந்த ஊர் முதலாளி கோபப்படுவார், தேர்தல் நன்கொடை போகும், கறி விலை ஏறும். அதனால் கெடுபிடி எங்கே சுலபமோ அங்கே குவிகிறது. இரண்டு கட்சியும் இதைச் செய்தன. 1994-ல் கிளின்டன், 2006-ல் 700 மைல் வேலிச் சட்டத்துக்குக் கையெழுத்துப் போட்டவர் புஷ். அந்தச் சட்டத்துக்கு ஒபாமாவும் ஹிலாரியும் செனட்டில் ஆதரவாக ஓட்டுப் போட்டார்கள்.

இன்னொன்று. நான் ஆதிவாசி மக்களோடு வேலை செய்கிறவன், அதனால் இது மனசில் நிற்கிறது. அரிசோனா எல்லையில் தொஹோனோ ஓதாம் என்ற பழங்குடி மக்கள் இருக்கிறார்கள். 1850களில் அமெரிக்கா மெக்சிகோவிடம் நிலம் வாங்கியபோது கோடு அவர்கள் ஊருக்கு நடுவில் விழுந்தது. அவர்கள் எங்கேயும் போகவில்லை. இன்று தங்கள் உறவினர் வீட்டுச் சாவுக்குப் போகக் காவல் படையின் சோதனைச் சாவடியில் நிற்கிறார்கள். நம் தாளூரிலும் எருமாட்டிலும் 1956-ல் விழுந்த மாநிலக் கோட்டுக்கு இந்தப் பக்கம் ஒரு பணியர் பழங்குடிப் பெண்ணின் வீடு, அந்தப் பக்கம் வயநாட்டில் அவள் அக்கா வீடு. அங்கே வேலி இல்லை என்பதால் நாம் அதை நினைப்பதே இல்லை. சாதிச் சான்றிதழுக்கு அலையும்போதுதான் கோடு தெரியும்.


கோத்தகிரி_செல்வி
10 பிப்ரவரி, காலை 6.50

எல்லாவற்றையும் இரவே படித்தேன். வெலிங்டன் ஐயாவுக்குத் தனியாக நன்றி. ஃபெலானியைப் பற்றி உங்கள் இடத்தில் இருந்து எழுதுவது சுலபமில்லை.

மணி தம்பி, கதவு உதாரணம் சொன்னீர்கள். வீட்டுக்கு முன்வாசலில் கதவைச் சாத்திவிட்டு, சமையலுக்கும் பாத்திரத்துக்கும் ஆள் வேண்டும் என்று பின்பக்கக் கதவைத் திறந்து வைத்து, அதன் வழியாக வந்தவளிடம் "நீ முன்வாசல் வழியா வரலையே, அதனால் பாதிச் சம்பளம்" என்று சொன்னால் அது கதவு வைத்திருக்கிற வீட்டின் நியாயமா?

வாசலை முறையாகத் திறந்துவிட்டால் போதுமா என்றால், அதுவும் போதாது. 1942 முதல் 1964 வரை அமெரிக்காவே மெக்சிகோ ஆட்களை ஒப்பந்தம் போட்டு வயல் வேலைக்குக் கூட்டிப்போனது. பிராசெரோ திட்டம் என்பார்கள். 46 லட்சம் ஒப்பந்தங்கள். எல்லையில் ஆண்களைத் துணி களைய வைத்து டிடிடி பொடியைத் தூவினார்கள். மண்டபத்தில் எங்கள் ஆட்களுக்கு நடந்த பரிசோதனைகளைக் கேட்டு வளர்ந்தவள் நான். அந்தப் புகைப்படங்களைப் பார்த்தபோது எனக்கு விளக்கம் தேவைப்படவில்லை. கூலியில் பத்து சதவீதத்தைச் சேமிப்பு என்று பிடித்து மெக்சிகோ வங்கிகளுக்கு அனுப்பினார்கள். பலருக்கு அது கடைசிவரை கிடைக்கவில்லை. ஒரு பண்ணைக்கு ஒப்பந்தம் ஆனவன் இன்னொரு பண்ணைக்குப் போக முடியாது. அந்தத் திட்டம் ஓடிக்கொண்டிருந்த 1954-லேயே ஒப்பந்தம் இல்லாதவர்களை லட்சக்கணக்கில் வாரிக்கொண்டுபோய் எல்லைக்கு அந்தப் பக்கம் விட்டார்கள்.

எங்கள் முன்னோர் கழுத்தில் தோட்டத்தின் எண் அடித்த தகரவில்லையை மாட்டித்தான் அனுப்பினார்கள். அங்கே போனதும் துண்டு முறை. கங்காணியிடம் வாங்கிய கடனைத் தீர்த்ததாக ஒரு துண்டுச் சீட்டு இல்லாமல் வேறு தோட்டம் சேர்த்துக்கொள்ளாது. தகரவில்லையும் துண்டும் போய்விட்டன. நாசர் அண்ணனின் கஃபீல் அலமாரியும் லதா சொன்ன மேஸ்திரியின் பிளாஸ்டிக் கவரும் வந்திருக்கின்றன.

அதனால் எனக்கு ஒரு விஷயம்தான் முக்கியமாகப் படுகிறது. வந்தவன் வேலையை விட்டு வேறு வேலைக்குப் போகலாமா, சம்பளம் தராதவன் மேல் புகார் கொடுத்துவிட்டு அதே ஊரில் இருக்கலாமா? இதற்கு "ஆமாம்" என்று சொல்கிற நாடு எத்தனை பேரை வேண்டுமானாலும் கணக்குப் பார்த்து உள்ளே விடட்டும், காவலும் போடட்டும், எனக்குச் சண்டை இல்லை. அதைத் தராமல் வேலியை மட்டும் உயர்த்துகிற அரசாங்கம் தன் மக்களைக் காப்பாற்றுவதாகச் சொல்வதை நான் நம்ப மாட்டேன். பயந்த தொழிலாளி பக்கத்தில் இருந்தால் அந்த நாட்டுத் தொழிலாளியின் கூலியும்தான் இறங்கும்.


குன்னூர்_மணி
10 பிப்ரவரி, காலை 8.30

அக்கா, வேலை மாறும் உரிமை வேண்டும் என்பதில் முழுச் சம்மதம். என் அக்கா மகனுக்கும் அதேதான் பிரச்சினை. கம்பெனி விட்டுப் போனால் 60 நாளுக்குள் இன்னொரு கம்பெனி பிடிக்க வேண்டும், இல்லாவிட்டால் கிளம்ப வேண்டும். அதனால் மேனேஜர் என்ன சொன்னாலும் தலையாட்டுகிறான். அவனையும் கறி வெட்டுகிறவனையும் ஒரே பக்கத்தில் வைத்து இதுவரை நான் யோசித்ததில்லை.

ஆனாலும் எண்ணிக்கையைத் தீர்மானிக்கிற உரிமை அந்த நாட்டு மக்களுக்கு உண்டு, சட்டத்தை மீறி வந்தவரைத் திருப்பி அனுப்பவும் உண்டு. அதில் நான் மாறவில்லை. விலங்கு இல்லாமல், அவர்கள் சொல்வதை ஒரு நீதிபதி கேட்ட பிறகு அனுப்ப வேண்டும்.


வெலிங்டன்_படைவீரன்
10 பிப்ரவரி, காலை 9.05

மணி, கடைசி வரிதான் முக்கியம். கேட்கிற இடம் வேலியிலேயே இருக்க வேண்டும். எங்கள் சாவடியில் மொழி தெரிந்த ஆள்கூட எப்போதும் இருந்ததில்லை. அழுகிற பெண் என்ன சொல்கிறாள் என்பது தெரியாமலேயே ஒப்படைத்திருக்கிறோம்.


நாசர்_கூடலூர்
10 பிப்ரவரி, காலை 10.40

செல்விக்கா கேட்ட உரிமையை சவூதி 2021 மார்ச்சில் கொஞ்சம் கொடுத்தது. ஒரு வருஷம் வேலை பார்த்திருந்தால் முதலாளி சம்மதம் இல்லாமலே வேறு கம்பெனிக்கு மாறலாம். வெளியே போகவும் திரும்பி வரவும் அவரிடம் கையெழுத்துக்கு நிற்க வேண்டாம். ஊரில் எல்லாரும், ஆளை முதலாளியோடு கட்டிவைக்கிற கஃபாலா முறை ஒழிந்தது என்று கொண்டாடினார்கள். என் மச்சான் இப்போது ரியாத்தில் இருக்கிறான், அவனும் சந்தோஷமாக வாய்ஸ் மெசேஜ் போட்டான். அப்புறம்தான் விவரம் தெரிந்தது. கம்பெனி ஆட்களுக்குத்தான் அந்தச் சட்டம். வீட்டு வேலை செய்கிற பெண்களுக்கும் தோட்டக்காரருக்கும் வீட்டு டிரைவருக்கும் கிடையாது. அவன் வீட்டு டிரைவர்.